நாற்காலியோடு வந்த வழக்கு

3.6.2022
இன்று நிர்வாக இயக்குநர் நாற்காலியில் உட்கார்ந்தேன். ஆகஸ்ட் கடைசியில் ஓய்வு பெறப் போகிறவளைத் தேடிப் பிடித்துப் பதவி உயர்வு! வீட்டில் அவருக்கு ஒரே பெருமை. விதைப்பண்ணை வாரியத்தில் இத்தனை வருடம் குப்பை கொட்டியதற்குப் பலன் என்று ஜிகர்தண்டா வாங்கி வந்தார். எனக்குத்தான் ஏதோ உறுத்துகிறது. பொறுப்பை ஒப்படைத்த தனுஷ்கோடி சார் முகத்தில் அப்படியொரு சிரிப்பு. மேசையில் இருந்த சாமி படத்தைக்கூட மறக்காமல் எடுத்துக்கொண்டு போனார்.

5.6.2022
ஞாயிறு என்றாலும் ஆபீசுக்குப் போனேன். சுவரில் உள்ள பலகையில் என் பெயரை எழுத பெயின்டர் வந்திருந்தார். "கீழ இன்னொரு பேருக்கு இடம் விட்டு எழுதவாம்மா? இந்த வருசமே மூணாவது தடவ வர்றேன்."

சிரித்தேன். அப்புறம் பலகையை மேலிருந்து கீழே வாசித்தேன். சிரிப்பு நின்றுவிட்டது.

6.6.2022
கண்காணிப்பாளர் ஜெயசீலன் கதவைச் சாத்திவிட்டுச் சொன்னார். பண்ணைத் தொழிலாளர்களுக்குப் பென்ஷன் கொடுக்கச் சொல்லி ஹைகோர்ட் உத்தரவு போட்டு இரண்டு வருடம் ஆகிறதாம். கொடுக்கவில்லை. அதனால் கோர்ட் அவமதிப்பு வழக்கு.

"அதுல வாரியம் பேரு இல்ல மேடம். நாற்காலில யாரு இருக்காங்களோ அவங்க பேருதான். நீங்க உக்காந்த அன்னைக்கே உங்க பேரை மாத்தி மனு போட்டாச்சு."

அட, இதற்குத்தான் பதவி உயர்வா?

24.6.2022
பென்ஷனுக்கு அனுமதி கேட்டுக் கோட்டைக்கு எழுதினேன். நிதித்துறை கேள்வி கேட்டுத் திருப்பி அனுப்பியது. பதில் எழுதினேன். அதே கேள்வியை மறுபடி கேட்டிருக்கிறார்கள்.

11.7.2022
மதுரை ஹைகோர்ட். வராந்தா பெஞ்சில் வழக்குப் போட்ட இருளாயி உட்கார்ந்திருந்தார். நாற்று நட்டே முதுகு வளைந்தவர். நகர்ந்து எனக்கு இடம் கொடுத்தார்.

"நீங்க புதுசா? போன தடவ சிரிச்ச மூஞ்சியா ஒரு சார் வந்தாரு. அதுக்கு முன்னாடி குட்டையா ஒருத்தரு. எல்லாரும் நல்லவுகதான் தாயி. அடுத்த வாய்தாவுக்குத்தான் யாரும் வர மாட்டேங்கிறாக."

உள்ளே நீதிபதி குரலை உயர்த்தவே இல்லை. "ஆகஸ்ட் இருபத்தொன்பதுக்குள்ள பென்ஷன் உத்தரவு வரணும். இல்லேன்னா மாத்துத் துணி எடுத்துட்டு வாங்க."

வீட்டில் இதைச் சொல்லவில்லை.

8.8.2022
கோட்டையிலிருந்து துறைச் செயலாளர் போனில் தேனாகப் பேசினார். "'பரிசீலித்து நிராகரிக்கப்பட்டது'ன்னு ஒரு உத்தரவு போட்டு விடுங்கம்மா. மிச்சத்த நாங்க பாத்துக்கறோம்." கோர்ட் ஒத்துக்கொள்ளாதே சார் என்றேன். "உங்க பென்ஷன் ஃபைலும் என் மேசைலதான் இருக்கு." வைத்துவிட்டார்.

வீட்டுக்காரர் நடத்திவந்த கடையையும் மூடியாயிற்று. இனி என் பென்ஷனில்தான் சோறு. நிராகரித்தால் ஜெயில். கொடுத்தால் சோறு போச்சு — என்னடி பண்ணப் போற?

19.8.2022
கோயிலுக்குப் போனேன். என்ன வேண்டிக்கொள்வது என்றே தெரியவில்லை.

26.8.2022
போட்டுவிட்டேன். நிதித்துறை அனுமதி இல்லாமலே எல்லாருக்கும் பென்ஷன் வழங்கி உத்தரவு. ஜெயசீலன் இரண்டு முறை படித்துப் பார்த்துவிட்டுத்தான் நகல் எடுத்தார். நியாயத்துக்காகச் செய்தேன் என்று எழுதிவைக்க ஆசைதான். ஜெயிலுக்குப் பயந்துதான் போட்டேன்.

கோட்டையிலிருந்து ஒரு திட்டுகூட வரவில்லை. அதுதான் நல்லதாகப் படவில்லை.

29.8.2022
வழக்கு முடிந்தது. இருளாயி என் கையை விடவே இல்லை.

31.8.2022
பிரிவு உபசார விழா. மாலை, கேசரி, மெதுவடை. ஜெயசீலன் என்னைப் பாராட்டிப் பேசிக்கொண்டிருந்தபோது கோட்டையிலிருந்து ஆள் வந்தார். அனுமதியின்றி உத்தரவு போட்டதற்காகப் பணியிடை நீக்கம். ஓய்வு பெற அனுமதியில்லை. பென்ஷன் கிடையாது.

கழுத்தில் மாலையோடு கையெழுத்துப் போட்டு வாங்கினேன். யாரும் கேசரியைத் தொடவில்லை. பாவிகளா, சாப்பிட்ட பிறகாவது கொடுத்திருக்கக் கூடாதா?

18.11.2024
எனக்குப் பென்ஷன் கொடுக்கச் சொல்லிக் கோர்ட் உத்தரவு போட்டும் கொடுக்கவில்லை. நானும் அதே நாற்காலியில் இருப்பவர்மேல் அவமதிப்பு வழக்குப் போட்டிருக்கிறேன். இன்றுதான் முதல் வாய்தா. இருளாயி துணைக்கு வந்திருந்தார். இப்போது மாதம் தவறாமல் பென்ஷன் வாங்குகிறார். "வெறும் வயித்தோட நிக்காதீக தாயி" என்று இட்லிப் பொட்டலத்தைப் பிரித்துக் கொடுத்தார். அதே பெஞ்ச்.

ஃபைலை மார்போடு அணைத்துக்கொண்டு ஒரு பெண் படியேறி வந்தாள். ஜெயசீலன் பின்னால் வந்தார். என்னைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டார்.

நகர்ந்து அவளுக்கு இடம் கொடுத்தேன்.

"நீங்க புதுசா?" என்று கேட்டேன்.