எல்ஃப்ரீடா பிறகு பேசினாளா?

கிளென்ஃபீல்ட், ஆக்லாந்து
செவ்வாய் இரவு

அன்புள்ள கஜந்தினி அக்காவுக்கு,

இந்த நேரத்தில் எழுதுகிறேன், மன்னித்துக்கொள்ளுங்கள். இங்கே பன்னிரண்டு தாண்டிவிட்டது. பெர்லினில் உங்களுக்கு மத்தியானம்தானே, சாப்பிட்டுக்கொண்டே வாசியுங்கள். நித்திரை கொள்ளாமல் இருக்கிறேன் என்று மட்டும் ஏசாதீர்கள்.

நாங்கள் மூன்று பேரும் சுகம். கீதனுக்குக் காதுக்குப் பின்னால் ஒப்பரேஷன் செய்த இடம் நன்றாகக் காய்ந்துவிட்டது. வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு, உள்ளே வைத்த காது கேட்கும் கருவியை முதன்முதலாக இயக்கப்போகிறார்கள். இரண்டரை வயதில் பிள்ளை முதல் சத்தத்தைக் கேட்கப்போகிறான். அவனோடு முதலில் நான்தான் கதைக்க வேண்டுமாம். ஆனால் தொடக்கத்தில் அது மனிதக் குரல் மாதிரியே இருக்காதாம். சில பிள்ளைகள் பயந்து அழுமாம், கருவியைப் பிடுங்கி எறியுமாம். ஜனார்த்தனிடம் சொன்னால், "அவன் அழுதா அழட்டும், நீர் ஏன் இப்பவே அழுறீர்" என்கிறார்.

நீங்கள் வேலை செய்யும் பழைய படக் காப்பகத்திலிருந்து அனுப்பிய, அந்தக் காலத்து நடிகை எல்ஃப்ரீடாவின் படத்துண்டுகள்தான் இன்னும் கீதனுக்கு உயிர். வேறு எந்தப் படத்திலும் அவனுக்குப் பாதிதான் கிடைக்கிறது. அந்த ஊமைப் படங்களில் மட்டும் எங்களுக்குக் கிடைப்பதெல்லாம் அவனுக்கும் கிடைக்கிறது. நெற்றியில் கையை வைத்து மயங்கி விழுவாளே, போன கிழமை மோலில் சொக்லேட் வாங்கிக் கொடுக்கவில்லை என்று இவனும் அப்படியே விழுந்தான். பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரக் கிழவி கைதட்டிவிட்டுப் போனாள். எனக்கு வெட்கமாகவும் இருந்தது, சிரிப்பாகவும் இருந்தது.

ஆனால் உங்கள் போன ஈமெயிலை ஏன் அப்படிப் பாதியில் விட்டீர்கள்? பதினான்கு படம் நடித்தவள், தெருவில் சனம் காரை மறிக்குமாம். பிறகு பேசும் படம் வந்தது. அந்த முகத்திலிருந்து சாக்சனி ஊர்ப்பேச்சு வந்ததும் தியேட்டர் முழுக்கச் சிரித்ததாம். அவள் கடைசி வரிசையில் தொப்பியை இழுத்துவிட்டுக்கொண்டு அந்தச் சிரிப்பைக் கேட்டாளாம். அதோடு "மிச்சம் பிறகு" என்று முடித்துவிட்டீர்கள். எனக்கு அன்றிலிருந்து நித்திரை இல்லை.

அக்கா, உங்களுக்கு மட்டும் சொல்கிறேன். அவனுக்குக் காது கேளாது என்று தெரிந்த நாளிலிருந்து நான் அவனோடு சத்தம் இல்லாமலே கதைத்து வந்திருக்கிறேன். எனக்கே தெரியாது. போன மாதம் ஜனார்த்தன், "என்னப்பா, வாய் மட்டும் அசையுது, சத்தத்தைக் காணேல்லை" என்று பகிடி பண்ணினபோதுதான் தெரிந்தது. முகத்தாலும் கையாலும் எல்லாம் சொல்லிச் சொல்லிக் குரலை எங்கேயோ வைத்துவிட்டேன். இவ்வளவு நாளும் அவன் ஆசையாகப் பார்த்தது இந்த முகத்தைத்தான். குரலைக் கேட்டு அவனுக்குப் பிடிக்காமல் போனால்?

இன்றைக்கு மோல் கார் நிறுத்துமிடத்தில் கண்ணாடிகளை எல்லாம் ஏற்றிவிட்டு, "கீதன், நான் அம்மா" என்று சொல்லிப் பார்த்தேன். வேறு யாரோ கதைத்த மாதிரி இருந்தது. மூன்றாம் தரம்தான் கொஞ்சம் சரிவந்தது. பின் சீட்டில் இருந்தவன் பின்பக்கம் பார்க்கும் கண்ணாடியில் என் முகத்தைப் பார்த்துச் சிரித்தான்.

நீங்கள் இங்கே இருந்தால், பள்ளிக்கூடப் பாட்டுப் போட்டிக்கு மேடையின் பின்னால் நின்று முதுகில் கைவைத்துத் தள்ளிவிட்டீர்களே, அப்படித் தள்ளிவிடுவீர்கள். வியாழக்கிழமை என் முதுகு உங்கள் கையைத் தேடும்.

எல்ஃப்ரீடா பிறகு பேர் எடுத்தாளா, பெரிய ஆளானாளா என்று நான் கேட்கவில்லை. அந்தச் சிரிப்பைக் கேட்டபிறகும், ஒரு தரமாவது, திரும்ப மைக்குக்கு முன்னால் போய் நின்றாளா? இல்லை என்றால் இல்லை என்றே எழுதுங்கள். நான் எப்படியும் கதைக்கத்தான் போகிறேன். ஆனாலும் தெரிந்துகொண்டு போக ஆசையாக இருக்கிறது.

உங்களுக்கு ஒரு குறையும் வராமல் இருக்கட்டும், அக்கா. வியாழக்கிழமைக்கு முன்னம் பதில் போடுங்கள்.

அன்புத் தங்கை
கம்சாயினி