ஞாயிறு ஜெபத்துக்கு ஒரு பாட்டு

1986 பெப்ரவரி, வெள்ளி இரவு

அலுமாரிக் கதவின் உட்புறம் நான் ஒட்டியிருந்த லண்டன் பாடகனின் படத்தை அப்பா இன்று கண்டுவிட்டார்.

“ஆரிந்தப் பெடியன்? தோடும் போட்டிருக்கிறான்.”

பயத்தில், சஞ்சிகையில் வாசித்ததைச் சொன்னேன். “சின்னனிலை சேர்ச்சிலை பாடினவர், அப்பா. இப்பதான் முதல் இசைத்தட்டு வந்திருக்கு.”

அது உண்மைதான். ஆனால் அப்பாவின் முகம் மலர்ந்துவிட்டது.

“அப்ப ஞாயிறு ஜெபக் கூட்டத்திலை அவரின்ரை பாட்டொண்டைப் பாடு, பிள்ளை.”

உடனே பாஸ்டருக்கும் தொலைபேசியில் சொல்லிவிட்டார். எனக்கு இது தேவையா?

அந்த ஆளுக்கு இருப்பதே ஒரு பாட்டு, வானொலியில் ஓயாமல் போகும் காதல் பாட்டு. வரிக்கு வரி ‘பேபி’. போர்வைக்குள் ‘பேபி’க்குப் பதிலாக ‘ஜீசஸ்’ போட்டு முணுமுணுத்துப் பார்த்தேன். சனியன், அச்சொட்டாகப் பொருந்துகிறது. பெரியவர்கள் கண்ணை மூடி அல்லேலூயா சொல்வார்கள். பின்வரிசைப் பிள்ளைகள் எல்லாரும் வானொலி கேட்கிறவர்கள்.