ஒரு முழம் தள்ளி

சியாயி,
3 மார்ச் 1978

தாங்,

கடிதம் கிடைத்தது. நான் கேமரா பிடிக்காமல் வாள்சண்டைப் படம் எடுக்க முடியாது என்கிறாய். ஒன்பது வருடமாக எடுத்துக்கொண்டுதானே இருக்கிறாய்? பார்த்தேன். மூங்கில் காட்டில் புகை அதிகம், வெளிச்சம் குறைவு.

நான் இங்கே கல்யாணப் படம் எடுக்கிறேன். வேளாவேளைக்குச் சாப்பிடுகிறேன்.

சீதோவ் மலைப் படப்பிடிப்பில் நடந்தது நினைவிருக்கிறதா? சண்டைக்காரன் சியூ மிதித்து மதிலைத் தாண்ட வேண்டிய ஸ்பிரிங் பலகையின் நிழல் காட்சிக்குள் விழுந்தது. ஒரு முழம் தள்ளிப் போடச் சொன்னேன். ஓடிவருகிறவன் பலகையைப் பார்க்கமாட்டான், அடிகளை எண்ணித்தான் மிதிப்பான். அதனால் அவனிடம் சொல்லிவிடு என்றேன். தலையாட்டினாய். சொல்லவில்லை. அவன் இடுப்பு உடைந்தது. தயாரிப்பாளரிடமோ, கேமராக்காரர் யாரையும் கேட்காமல் நகர்த்திவிட்டார் என்றாய். பிறகு என்னை யாரும் கூப்பிடவில்லை.

முதலில் சியூவிடம் போய் உண்மையைச் சொல். பிறகு எழுது.

லியாவ்

தைபே,
19 மார்ச் 1978

அன்புள்ள லியாவ் அண்ணனுக்கு,

போனேன். தடியூன்றிக்கொண்டு சீடர்களைத் திட்டிக்கொண்டிருந்தான். எல்லாவற்றையும் சொன்னேன். சிரித்தான்.

"இதைச் சொல்லவா இவ்வளவு தூரம் வந்தே? எனக்கென்ன கண்ணு அவிஞ்சா போச்சு? பலகையை நகர்த்தினதைப் பார்த்தேன்யா. அடியைக் கூட்டாமலே எட்டிடலாம்னு நெனச்சேன், எட்டலை. என் கணக்கு தப்பிடுச்சுன்னு இந்தப் பசங்க முன்னாடி எந்த மூஞ்சியோட சொல்றது?"

அப்படியானால் குற்றம் நம் இருவர் மேலும் இல்லை, அண்ணே. அடுத்த மாதம் ஐந்தாம் தேதி படப்பிடிப்புப் பூஜை. ஊதுவத்தி ஏற்றியதும் கேமராவை மூடிய சிவப்புத் துணியை நீங்கள்தான் எடுக்க வேண்டும்.

தங்கள் தம்பி,
தாங்

சியாயி,
27 மார்ச் 1978

தாங்,

நான்கு முறை படித்தேன். கோபம் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. நிம்மதியும் வரவில்லை.

சியூ பார்த்துவிட்டதால் நீ சொன்னதாக ஆகிவிடாது. தயாரிப்பாளரிடம் சொன்ன பொய்யும் பொய்தான். ஆனால் இப்போது நினைத்தால் எல்லாம் வேறு யாருக்கோ நடந்தது போலிருக்கிறது.

நேற்று ஒளிமானியை எடுத்துக்கொண்டு கொல்லைப்புறம் போனேன். முள் சரியாகவே ஆடியது. கேமராவை எங்கே வைக்கலாம் என்று பார்த்தேன். எங்கே வைத்தாலும் சரிதான் என்று தோன்றியது. அப்படித் தோன்றுகிறவன் கேமராக்காரன் இல்லை.

வேறு ஆளைப் பார்.

லியாவ்