எழுபத்தோராம் பக்கத்து வாத்தியார்

மார்ச் 4

அன்புள்ள வாத்தியாரண்ணனுக்கு,

நல்லபடியாக வீடு வந்து சேர்ந்தேன். பாலம் தாண்டியதும் இரண்டு வரி எழுது என்று சொல்லியனுப்பினீர்கள். பத்து நாள் கழித்துத்தான் பேனாவைத் தொட முடிந்தது. கோபித்துக்கொள்ளாதீர்கள். முதல் நான்கு நாள் தூங்கியே கழிந்தது. ஐந்தாம் நாள் மாடிவீட்டுக்காரர் கட்டிலை இழுத்துப் போட்டார். அந்தச் சத்தத்துக்கு நான் சாப்பாட்டு மேஜைக்கு அடியில் போய் உட்கார்ந்துவிட்டேன். அம்மா தட்டை எடுத்துக் கீழே நீட்டினாள்.

உங்கள் ஊர்ச் சண்டையைப் பற்றி நான்கு மாதம் எங்கள் பத்திரிகைக்கு எழுதி அனுப்பினேன். நீங்கள் இல்லாமல் அதில் ஒரு வரிகூட இல்லை. ஊர்க்காரர்கள் பேசியதை மொழிபெயர்த்துச் சொன்னது மட்டுமா? எந்தத் தெருவில் நிமிர்ந்து நடக்கலாம், எதில் குனிந்து ஓட வேண்டும் என்று கற்றுக்கொடுத்ததும் நீங்கள்தானே. இப்போது ஒரு பதிப்பகம் எல்லாவற்றையும் புத்தகமாக எழுதச் சொல்கிறது.

கொடுத்த வாக்கை மறக்கவில்லை. நீங்களும் அண்ணியும் பாப்பாவும் பாலத்தைத் தாண்டி வெளியே வர, 'இவர் எங்களிடம் வேலை பார்த்தவர்' என்று எங்கள் பத்திரிகையிலிருந்து ஒரு கடிதம் வேண்டும். திங்கட்கிழமை எடிட்டரிடம் பேசுகிறேன். கைக்கு வந்த மாதிரியே வைத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் அன்புத் தங்கை


மார்ச் 27

அன்புத் தங்கச்சிக்கு,

மருந்து லாரி டிரைவர் உன் கடிதத்தைச் சட்டைக்குள் வைத்துக் கொண்டுவந்தார். வியர்வையில் பாதி எழுத்து ஊறிவிட்டது. மேஜைக்கு அடியில் உட்கார்ந்த கதை மட்டும் தெளிவாக இருந்தது. "அந்தப் பொண்ணு இங்க இருந்தப்ப பயந்து நான் பாத்ததே இல்லையே" என்றாள் உன் அண்ணி. "இங்க பயப்பட நேரம் ஏது" என்றேன்.

தண்ணீர் மூன்று நாளைக்கு ஒரு தடவை வருகிறது. பாப்பாவுக்கு முன்பல் இரண்டும் விழுந்துவிட்டன. குண்டுச் சத்தத்தில் விழுந்ததாக ஊரெல்லாம் பெருமையடித்துக்கொண்டு திரிகிறாள். நான்தான் நூல் கட்டி இழுத்தேன்.

பள்ளிக்கூடத்தில் மேல்மாடி போய்விட்டது. கீழே வேதியியல் கூடம் மட்டும் தாக்குப்பிடிக்கிறது. அங்கே நடக்கும் வேலை உனக்குத் தெரியும், அது இன்னும் நடக்கிறது. நேற்று ஆறு பேர். இதற்குமேல் காகிதத்தில் வேண்டாம்.

பாலத்தில் புதிதாக ஓர் உத்தரவு. வெளிநாட்டுப் பத்திரிகைகளுக்கு வேலை செய்தவர்கள் கடிதம் காட்டினால் குடும்பத்தோடு போகலாம், அதுவும் ஏப்ரல் முடியும் வரைதான். தலைப்பு அச்சடித்த தாளில் இரண்டு வரி போதும் அம்மா. இத்தனை பக்கம் எழுதுகிறவளுக்கு இரண்டு வரி பெரிய காரியமா? அவசரப்படுத்துகிறேன் என்று நினைக்காதே. ஆனால் அவசரம்தான்.

இப்படிக்கு,
வாத்தியார்


ஏப்ரல் 16

அன்புள்ள அண்ணனுக்கு,

எப்படி எழுதுவது என்று தெரியாமல் நான்கு நாள் ஓட்டிவிட்டேன். எடிட்டரை மூன்று முறை பார்த்தேன். மூன்றாவது முறை கதவைச் சாத்தச் சொல்லிவிட்டுப் பேசினார்.

"அவர் பேரு நம்ம ரெஜிஸ்டர்லயே இல்லையேம்மா."

"நாலு மாசம் என்கூடவே இருந்தார் சார். முதல் பக்கத்துல வந்ததெல்லாம் அவர் வாயால வந்தது."

"இருக்கட்டும். இன்னைக்கு இவருக்குக் குடுத்தா, நம்ம ஆளுங்க போன ஊர்லேர்ந்தெல்லாம் வந்து நிப்பாங்க. அதுல ஒருத்தன் துப்பாக்கி தூக்கினவனா இருந்தா யார் பதில் சொல்றது?"

எனக்கு டீ சொன்னார். குடிக்காமல் எழுந்து வந்தேன். என்னால் காட்ட முடிந்த கோபம் அவ்வளவுதான்.

என் கைப்பட ஒரு கடிதம் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். முத்திரை இல்லை, தலைப்பு இல்லை. நான் யார், நீங்கள் எனக்கு என்னவெல்லாம் செய்தீர்கள் என்று நிறைய எழுதியிருக்கிறேன். யாராவது நல்ல மனதுக்காரர் கையில் கிடைத்தால் உதவும்.

புத்தக வேலை முடிந்துவிட்டது. உங்கள் வேதியியல் கூடத்தைப் பற்றித் தனி அத்தியாயம். படித்துவிட்டுப் பதிப்பாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பயப்படாதீர்கள், ஊர்ப் பெயர் உண்டு, உங்கள் பெயர் கிடையாது. வாத்தியார் என்று மட்டும்தான் எழுதியிருக்கிறேன்.

அண்ணியிடம் என்னை மன்னிக்கச் சொல்லுங்கள்.

தங்கை


மே 3

அன்புத் தங்கச்சிக்கு,

கடைசி நாளுக்கு முந்தின நாள் உன் கடிதம் வந்தது. மூட்டை முடிச்சோடு பாலத்துக்குப் போனோம். அங்கிருந்த அதிகாரிக்கு நம் எழுத்து தெரியாது, நானே மொழிபெயர்த்துச் சொன்னேன். நீ என்னைப் புகழ்ந்ததையெல்லாம் நானே என் வாயால் சொல்ல வேண்டியதாகிவிட்டது. உன் அண்ணி பின்னால் நின்று சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். அந்த ஆள் பொறுமையாகக் கேட்டார். "எல்லாம் சரி. முத்திரை எங்க?" என்றார். திரும்பி வந்துவிட்டோம். உன்மேல் குறை ஒன்றுமில்லை.

மறுநாளே வடக்கேயிருந்து வந்த படை ஊரைப் பிடித்துக்கொண்டது. சண்டை நின்றது. வீடு வீடாக விசாரணை ஆரம்பித்தது.

இப்போது நீ எனக்கு ஒன்று செய்ய வேண்டும். வேதியியல் கூடத்தில் இரண்டு தரப்புக் காயக்காரர்களையும் படுக்கவைத்ததை எழுதினாயா? எழுதியிருப்பாய், உனக்கு அது பெருமையாகப் பட்டது. இவர்கள் அதைத் துரோகம் என்கிறார்கள். பெயர் போடவில்லை என்கிறாய். சண்டைக்கு முன் இந்த ஊரில் பதினாலு வாத்தியார்கள். இன்று நானும் இன்னொருவரும்தான் மிச்சம். வாத்தியார் என்றாலே பெயர் சொன்ன மாதிரிதான் அம்மா.

அந்த அத்தியாயத்தை எடுத்துவிடு. முடியாவிட்டால் என்னைத் தையல்காரனாக்கிவிடு, பள்ளிக்கூடத்தை ஏதாவது கிடங்காக்கிவிடு. உன் புத்தகத்துக்கு ஒன்றும் குறைந்துபோகாது.

இப்படிக்கு,
வாத்தியார்


மே 24

அண்ணா,

உங்கள் கடிதம் பத்தொன்பதாம் தேதி வந்தது. அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமையே எங்கள் பத்திரிகையின் இணைப்பிதழில் அந்த அத்தியாயம் முழுசாக வந்துவிட்டது. உங்களுக்கு இரண்டு வரி எழுதித் தராத அதே எடிட்டர், உங்களைப் பற்றி இரண்டு பக்கம் போட்டார்.

கடிதத்தைப் படித்த கையோடு பதிப்பகத்துக்கு ஓடினேன். புத்தகக் கட்டுகள் கடைகளுக்குப் போயாகிவிட்டது என்றார் பதிப்பாளர். "திருப்பி வாங்குங்க சார்" என்றேன். "எந்தெந்தக் கடையில போய்ம்மா கேக்கறது? ரெண்டாம் பதிப்புல மாத்திடலாம், விடுங்க" என்றார். பக்கத்துக் கடையில் ஐந்து பிரதி இருந்தது, வாங்கிக்கொண்டு வந்து அலமாரியில் பூட்டினேன். பைத்தியக்கார வேலை என்று எனக்கே தெரிகிறது.

ஒன்றை உங்களிடம் மறைக்க மாட்டேன். பிழை திருத்தும்போது எழுபத்தோராம் பக்கத்தில் என் கை நின்றது. 'வாத்தியார் இடுப்பிலிருந்து சாவியை எடுத்து வேதியியல் கூடத்தைத் திறந்தார்' என்ற வரி. இது அவருக்கு ஆபத்தாகிவிடுமோ என்று அப்போதே தோன்றியது. 'ஒருவர்' என்று மாற்றிப் பார்த்தேன். வரி செத்துவிட்டது. மறுபடியும் வாத்தியார் என்றே எழுதினேன். தெரியாமல் செய்துவிட்டேன் என்று யாரிடமும் சொல்லிக்கொள்ளலாம். உங்களிடம் சொல்ல முடியாது.

தூதரகம், செஞ்சிலுவை அலுவலகம், எல்லா வாசலிலும் நிற்கிறேன். படிவம் கொடுக்கிறார்கள், நிரப்பிக் கொடுக்கிறேன். நீங்கள் மூன்று பேரும் வீட்டில் இருக்காதீர்கள். எங்கேயாவது போய்விடுங்கள். எங்கே என்று கேட்டால் எனக்குத் தெரியாது.

தங்கை


ஜூன் 18

அன்புத் தங்கச்சிக்கு,

நாங்கள் மூன்று பேரும் உயிரோடு, எங்கள் வீட்டில்தான் இருக்கிறோம். அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

போன மாதக் கடைசியில் வடக்குப் படைக்காரர்கள் பள்ளிக்கூடத்துக்கு வந்தார்கள். உன் பத்திரிகைப் பக்கத்தைக் கத்தரித்து, மொழிபெயர்த்து, கோப்பில் வைத்திருந்தார்களாம். நான் அப்போது தண்ணீர் வரிசையில் நின்றேன். பள்ளிக்கூடத்தில் இருந்தவர் மிச்சமிருந்த அந்த இன்னொருவர், பூகோள வாத்தியார். என்னைவிடப் பதினைந்து வயது பெரியவர். போன வருஷம் பக்கத்தில் விழுந்த குண்டோடு அவருக்குக் காது போய்விட்டது. யார் என்ன கேட்டாலும் தலையாட்டிவிடுவார், மறுபடி கேட்கச் சொல்லக் கூச்சம்.

"இதுல வர்ற வாத்தியார் நீதானா" என்று கேட்டிருக்கிறார்கள். தலையாட்டியிருக்கிறார். "காயம்பட்டவங்களை நீதான் வச்சிருந்தியா" என்றதற்கும் அப்படியே. வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள்.

எனக்கு விஷயம் தெரிந்தபோது முதலில் என்ன தோன்றியது என்பதை எழுத மாட்டேன். இரண்டு நாள் வீட்டுக்குள்ளேயே இருந்தேன். உன் அண்ணி பாப்பாவை என் பக்கத்திலேயே உட்காரவைத்துவிட்டுப் போனாள். மூன்றாம் நாள் அவர்கள் அலுவலகத்துக்குப் போனேன். மேஜையில் இருந்தவன் என் பழைய மாணவன் வயசு இருப்பான்.

"அந்த வாத்தியார் நான்தான் தம்பி. அவர் இல்ல" என்றேன்.

நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "அவர் ஒத்துக்கிட்டார், கையெழுத்தும் போட்டாச்சு. கோப்பு மேலே போயிருச்சு."

"அவருக்குக் காது கேக்காது. நீங்க கேட்டதே அவருக்குப் புரிஞ்சிருக்காது."

"சினேகிதருக்காக எல்லாரும் இப்படித்தான் வர்றாங்க. வீட்டுக்குப் போங்க சார். உங்களையும் புடிச்சுப் போட வைக்காதீங்க."

மறுநாளும் போனேன். வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். வேதியியல் கூடத்துச் சாவியைக் காட்டினேன். "சாவி யார்கிட்டதான் இல்ல" என்றான் காவலுக்கு நின்றவன். அதற்குப் பிறகு நான் போகவில்லை. போகாததற்குப் பாப்பாவைக் காரணமாகச் சொல்லிக்கொள்கிறேன்.

இப்போது தினமும் காலையில் பூகோள வாத்தியார் சம்சாரம் எங்கள் வீட்டுக்கு வருகிறார். எனக்கு மனு எழுத வரும் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். அவர் சொல்லச் சொல்ல எழுதுகிறேன். முந்தாநாள், "யாரோ செஞ்சதுக்கு இவரைப் புடிச்சு வச்சிருக்காங்கன்னு நல்லா அழுத்தி எழுதுங்க சார்" என்றார். அழுத்தி எழுதினேன். எழுதி முடித்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க ஒருத்தர்தான் சார் எங்களுக்கு இருக்கீங்க" என்றார். அவரிடம் நான் இன்னும் சொல்லவில்லை.

உன் கடிதத்தில் மறைக்காமல் எழுதியிருந்தாய். படித்தேன். அதற்குப் பதில் எழுத எனக்கு யோக்கியதை இருக்கிறதா என்று தெரியவில்லை. இரண்டாம் பதிப்பில் மாற்ற வேண்டாம். இனி மாற்றி யாருக்கு என்ன ஆகப்போகிறது.

இனிமேல் நான் எழுத மாட்டேன். கோபம் என்று எடுத்துக்கொள்ளாதே. இங்கே காகிதம் கிடைப்பதில்லை, பாப்பாவின் நோட்டில்தான் கிழித்துக்கொண்டிருக்கிறேன். பதினேழு தாள் மிச்சம் இருக்கிறது. அது மனுவுக்கு வேண்டும்.

உன் அண்ணன்