ஈயப்பெட்டிக்குள் போன குரல்

வத்தேகம
20.11.1985

அன்பு மகன் தியாகராஜாவுக்கு,

கதிர்காமக் கந்தன் புண்ணியத்தில் நானும் உன் அம்மாவும் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம், நீயும் அந்த வெயில் தேசத்தில் நோய்நொடி இல்லாமல் இருக்க வேண்டும் என்பதே எங்கள் வேண்டுதல். அக்கா கமலத்துக்கு மாசியில் பிரசவம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். இங்கே மழை விட்டபாடில்லை, கூரைத் தகரம் இரண்டு இடத்தில் ஒழுகுகிறது, ஊரார் ஓட்டை வாளியெல்லாம் ஈயத்தால் பற்றவைக்கிற மனுசனுக்குச் சொந்தக் கூரையில் ஏற நேரமில்லை என்று உன் அம்மா போகிற வருகிற ஆட்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள். மத்தியான வெயிலில் தலையில் துணி இல்லாமல் வேலைக்கு நிற்காதே.

இனி விசயத்துக்கு வருகிறேன். நான் ஒரு மடத்தனம் செய்துவிட்டேன், உன்னிடம் மறைக்க முடியாது. நம் கட்டிலுக்கடியில் இருக்கும் ஈயப்பெட்டி உனக்கு நினைவிருக்கும், உள்ளே ஈயத்தாள் ஒட்டிய பழைய தேயிலைப் பெட்டி, ஆட்களைக் கொண்டுபோகிற சத்தங்களை நம் குடும்பத்தார் அதில்தான் அடைத்து மூடியைப் பற்றவைப்பது வழக்கம். கடைசியாக அடைத்தது நான் தெல்தோட்டையில் பிடித்து வந்த கூப்பிடுகிற சத்தம். அது நமக்குப் பிரியமானவர் குரலில் கூப்பிடும், மூன்று தரம் பதில் சொன்னவர் எழுந்து அதன் பின்னால் போய்விடுவார், அங்கே கொழுந்தெடுக்கிற ஒரு பிள்ளையைப் பள்ளத்தில்தான் கண்டெடுத்தார்கள். இதெல்லாம் தெரிந்த நான்தான், பக்கத்துக் கடை ஹலீம் நானாவின் மச்சான் கையில் நீ பேசிப் பதிந்து கொடுத்தனுப்பிய கெசட்டுகளில் பூஞ்சணம் பிடிக்கிறதென்று உன் அம்மா அழுததைப் பார்த்து, வீட்டில் ஈரம் ஏறாத பெட்டி அது ஒன்றுதானே, சத்தமும் இத்தனை நாளில் செத்திருக்கும் என்று ஆவணியில் அதைத் திறந்து நாலு கெசட்டையும் உள்ளே வைத்தேன். ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்துக் கேட்க வேண்டும் என்பதால் பற்றவைக்காமல் மெழுகு மட்டும் பூசினேன். என் கெட்டித்தனத்தை நானே மெச்சிக்கொண்டேன். அந்தச் சத்தம் உள்ளேயே கிடந்து உன் குரலைப் படித்துக்கொண்டு, மெழுகு விட்ட இடத்தால் வெளியே வந்துவிட்டது.

ஐப்பசியில் ஒரு நாள் பின்னேரம் நாலு மணிக்கு, நான் கடையில் இருக்கும்போது, அம்மா அரிசி களைந்துகொண்டிருக்க, பின்கதவுப் பக்கம் உன் குரலில் அம்மா வந்துட்டேன் என்று கேட்டிருக்கிறது. வாரேன் சாமி என்று சொல்லிவிட்டாள். அடுத்த கிழமை, எனக்கு இங்க ஏலாதும்மா என்று அழுததாம், அழாத சாமி என்று இரண்டாவது பதிலையும் சொல்லிவிட்டுத்தான் என்னிடம் வந்து சொன்னாள். கடையைப் பூட்டிவிட்டு அவள் பக்கத்திலேயே உட்கார்ந்தேன். காதில் பஞ்சு வைத்தால் பிடுங்கிப் போட்டாள். அது அவன் இல்லன்னு தெரியும்ங்க, ஆனா அழுதா எப்படிங்க சும்மா இருக்கிறது என்கிறாள்.

போன வெள்ளிக்கிழமை மறுபடி வந்தது. அது கூப்பிடாத ஆள் பெட்டியைத் திறந்து பிடித்துப் பதில் சொன்னால் அது தடுமாறி உள்ளே இறங்கும், அதுதான் முறை. ஒரு கையால் அம்மாவின் வாயைப் பொத்திக்கொண்டு, நான் இருக்கேன் தம்பி, உள்ளுக்கு வா என்றேன். இறங்கியது. இறங்கும்போது என் காதோடு, அப்பா பாஸ்போட்ட எடுத்து வச்சிக்கிட்டு தர மாட்டேங்கிறாங்கப்பா என்று சொன்னது. உடனே மூடியைப் பற்றவைத்தேன், விரலையும் சுட்டுக்கொண்டேன்.

அம்மாவும் அதைக் கேட்டுவிட்டாள். நாலு கெசட்லயும் நல்லா இருக்கேன்னுதான சொல்றான், இந்தக் கள்ளச் சத்தத்துக்குப் பாஸ்போட் கதை எப்படித் தெரியும் என்று கேட்டாள். பொய் சொல்லிக் கூப்பிடுறதுதான் அதோட வேலை என்றேன். அப்போ நம்ம புள்ள நல்லா இருக்கான்னு என் தலையில கைய வச்சுச் சத்தியம் பண்ணுங்க என்றாள். எனக்குக் கை எழவில்லை தம்பி. கெசட்டில் நீ சிரிக்கும்போதெல்லாம் எனக்கும் ஏதோ நெருடும், கேட்க எனக்குத்தான் தைரியம் வரவில்லை, பணம் வருகிறதே, பிள்ளை நன்றாகத்தான் இருப்பான் என்று இருந்துவிட்டேன். நீ கஷ்டத்தில் இருந்தால் வந்துவிடு, கூரை ஒழுகினால் ஒழுகட்டும். பாஸ்போட்டை வைத்திருப்பது உண்மையானால் ஒரு வரி எழுது, நான் ஹலீம் நானாவைக் கூட்டிக்கொண்டு கொழும்புக்குப் போய், உன்னை அனுப்பிய ஏஜென்சிக்காரன் வாசலில் உட்காருவேன்.

முருகன் உன்னைக் காப்பாற்றட்டும். கெசட் அனுப்பாதே, உன் கையால் எழுது. பெட்டியைத் திறந்து, எங்க இருக்க சாமி என்று அதனிடமே கேட்கப் போகிறேன் என்று நிற்கிறாள் உன் அம்மா, அது மூன்றாவது பதில் என்று தெரிந்தேதான் சொல்கிறாள். தைப்பொங்கல் வரைக்கும் பொறுத்துக்கொள்வதாக எனக்கு வாக்குக் கொடுத்திருக்கிறாள்.

இப்படிக்கு,
உன் அப்பா
அழகர்