எனக்கு ஏது அண்ணன்

மார்ச் 3

துறைமுக வேலைநிறுத்தம் ஆறாம் நாள். கடையில் சர்க்கரை இல்லை. ஆயுத அறைக்குள் வேலையும் இல்லை. என்னோடு இன்னொரு சாவி வைத்திருப்பவர் வழக்கம்போலக் குறுக்கெழுத்தோடு உட்கார்ந்திருந்தார்.

இரண்டு சாவியையும் சேர்த்துத் திருப்பினால் இயங்கும் எங்கள் ஆயுதத்துக்குக் காகிதத்தில் காலநீக்கி என்று பெயர். எங்கள் பேச்சில் அது ரப்பர். அதற்கு இலக்கானவர் சாவதில்லை, பிறந்திருக்கவே மாட்டார். இயக்கும் நேரத்தில் இந்த அறைக்குள் இருப்பவர்களுக்கு மட்டும் பழையது ஞாபகம் இருக்கும். அறைக்குள் இருக்கும் பொருளும் மாறாது. இந்த நோட்டு இங்கே லாக்கரில் கிடப்பதும் அதனால்தான்.

மார்ச் 5

உறை வந்தது. உள்ளே பதினோரு இலக்க எண். பெயர் எங்களுக்குச் சொல்லமாட்டார்கள். காலை 11.40க்கு இருவரும் சாவியைத் திருப்பினோம். குழல்விளக்கு ஒரு தடவை மங்கி எரிந்தது. அவர் குறுக்கெழுத்துக்குத் திரும்பிவிட்டார்.

மார்ச் 6

நேற்று மாலை நடந்ததை வரிசையாக எழுதிவிடுகிறேன்.

நான்கு மணிக்கு வெளியே வந்தேன். சாலை முழுக்கக் கன்டெய்னர் லாரிகள். வேலைநிறுத்தம் எப்போது முடிந்தது என்று டீக்கடைக்காரரிடம் கேட்டேன். எந்த வேலைநிறுத்தம் என்று அவர் என்னைக் கேட்டார். அதை முன்னால் நின்று நடத்தியது என் கணவரின் அண்ணன். கிரேன் ஓட்டுகிறவர்.

வீட்டுக் கதவைத் திறந்த என் கணவரின் விரல் இடுக்கில் கிரீஸ். காலையில் கணக்கு வாத்தியாராகப் பள்ளிக்கூடம் போன மனுஷன்! இப்போது லிஃப்ட் மெக்கானிக். உங்க அண்ணன் எங்கே என்று கேட்டேன்.

"எனக்கு ஏது அண்ணன்?" சிரித்தார். "வெயில்ல நடந்து வந்தியா?"

சாப்பாடு எடுத்து வைத்தார். சாப்பிட்டேன். எப்படித்தான் சாப்பிட்டேனோ.

மார்ச் 7

இடது பக்கத்துச் சாவி என்னுடையது. இதை மட்டுமாவது எழுதி வைக்கவேண்டும்.

மார்ச் 12

சாவிக்காரரிடம் சொன்னேன். பென்சிலைக் கீழே வைத்தார். அவர் வீட்டிலும் ஒருத்தர் போயிருக்கிறாராம். யார் என்று சொல்லவில்லை.

"வீட்ல வாயைத் திறக்காத, தங்கச்சி. சொல்லாத வரைக்கும்தான் அது வீடு."

மார்ச் 19

என் கல்யாணம் எப்படி நடந்தது என்று இவரிடமிருந்தே கொஞ்சம் கொஞ்சமாகக் கறந்துகொண்டேன். பழைய கணக்குப்படி அண்ணன்தான் இவரை அழைத்துக்கொண்டு பெண் பார்க்க வந்தார். இப்போதைய கணக்குப்படி நான் ஹாஸ்டல் லிஃப்டில் நாற்பது நிமிடம் மாட்டிக்கொண்டேனாம், இவர் வந்து மீட்டாராம். அதை ரசித்து ரசித்துச் சொல்கிறார்.

இவர் குளிக்கும்போது விசிலடிக்கிறார். வாத்தியாராக இருந்தவர் விசிலடித்ததே இல்லை. இவரைத்தான் எனக்கு அதிகம் பிடிக்கிறதோ? எழுதவே கூசுகிறது.

மார்ச் 23

சொல்லிவிட்டேன்.

காலையில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தார். அன்றைக்கு அறைக்குள் என்னோடு இருந்த பர்ஸில் ஒரு சின்னப் படம் தப்பியிருந்தது. அண்ணன், தம்பி, நான். அதைக் கையில் கொடுத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். அண்ணனைக் காட்டி, இவருக்கும் என் மூக்குதான் என்றார். பிறகு, சாவியைத் திருப்பியது யார் என்று கேட்டார்.

"நானும் இன்னொருத்தரும்."

"எனக்குக் கோபம் வரணும்ல?" படத்தைத் திருப்பிக் கொடுத்தார். "வரமாட்டேங்குதே. யாரோ மாதிரி இருக்கார்."

மிச்சமிருந்த இரண்டு சட்டைகளையும் உதறிக் காயப்போட்டார்.

ஏப்ரல் 2

தினமும் காலை டீயோடு ஒரு கேள்வி. இன்று அண்ணன் ஆள் எப்படி என்று கேட்டார். முடி கொட்டிப் பத்து வருடம் ஆகியும் சட்டைப்பையில் சீப்பு வைத்திருப்பார் என்றேன். விழுந்து விழுந்து சிரித்தார்.

அம்மா அப்பா இறந்தபோது இவருக்கு ஒன்பது வயது, அண்ணனுக்குப் பதினைந்து. அண்ணன் படிப்பை விட்டுவிட்டுத் துறைமுகத்துக்கு மூட்டை தூக்கப் போனார், தம்பியைப் படிக்கவைத்தார். இதையும் சொன்னேன். சிரிப்பு நின்றது. இந்தக் கணக்கில் இவர் ஒன்பது வயதிலேயே ஒர்க்‌ஷாப்புக்குப் போனவர். கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஏப்ரல் 9

விசில் நின்றுவிட்டது.

ஏப்ரல் 16

ராஜினாமா கொடுத்தேன். காரணம் என்ற இடத்தில் குடும்பத்தில் ஒரு மரணம் என்று எழுதியிருந்தேன். மேலதிகாரி கம்ப்யூட்டரைப் பார்த்தார். உங்கள் குடும்பத்தில் யாரும் சாகவில்லையே என்றார், அக்கறையாகத்தான். அதை அடித்துவிட்டு உடல்நலம் என்று எழுதினேன். நோட்டைச் சாப்பாட்டுப் பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டேன். இனி யார் போனாலும் எனக்குத் தெரியப்போவதில்லை. நிம்மதி என்று சொல்லலாமா? தெரியவில்லை.

ஏப்ரல் 27

அண்ணன் கடைசியாக வந்தபோது என்ன பேசினார் என்று கேட்டார். மார்ச் 4, மாலை. வாசலிலேயே நின்று, தம்பி பரீட்சைத் தாள் திருத்துகிறான், கூப்பிட வேண்டாம், நாளைக்கு வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனார். அப்படியே சொன்னேன். இவர் டீயைக் குடிக்காமல் எழுந்து போய்விட்டார்.

ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல எனக்கு என்ன ஆகும் என்று தெரியாமல் இல்லை. தெரிந்தேதான் சொல்கிறேன். நிறுத்திக்கொண்டால் அந்த மனுஷனை இன்னொரு தடவை — வேண்டாம். நிறுத்தமாட்டேன்.

மே 5

மூன்று நாளாக முன்னறையில் படுக்கிறார். படம் அவரிடம் இருக்கிறது.

மே 8

அவர் கம்பெனியில் மருத்துவப் பரிசோதனைக்கு அனுப்பியிருந்தார்கள். கூடப் போனேன். வரவேண்டாம் என்று சொல்லவில்லை. நர்ஸ் இரத்த அழுத்தம் பார்த்துவிட்டுப் படிவத்தை நிரப்பினாள். கூடப்பிறந்தவர்கள் யாராவது உண்டா என்று கேட்டாள்.

"ஒரு அண்ணன். இப்ப இல்ல."

எழுதிக்கொண்டாள். எப்படி இறந்தார், நெஞ்சுவலியா, சர்க்கரையா என்று கேட்டாள். அவர் மடித்துவிட்டிருந்த சட்டைக் கையை இறக்கிப் பொத்தானைப் போட்டார். முதல் தடவை துளையில் நுழையவில்லை.

"அதை இவகிட்ட கேளுங்க."

எழுந்து வெளியே போய்விட்டார். நர்ஸ் பேனாவைப் படிவத்தின்மேல் வைத்தபடி என் பக்கம் திரும்பினாள்.