விவாகரத்து வழக்கை என் கணவரின் ஊருக்கு மாற்றக் கோருதல்

அனுப்புநர்:
வழக்கைத் தொடுத்த மனைவி,
எக்ஸ்ரே பிரிவு ஊழியர்,
பொது மருத்துவமனை.

பெறுநர்:
பதிவாளர் அவர்கள்,
உயர் நீதிமன்றம்.

பொருள்: குடும்ப நல வழக்கு – எதிர்மனுதாரரின் ஊர் நீதிமன்றத்துக்கு மாற்ற வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் கணவர் லிப்ட் மெக்கானிக். அவர் மீது நான் தொடுத்த விவாகரத்து வழக்கு என் ஊரில் நடக்கிறது. அதை அவருடைய ஊருக்கு மாற்றித்தர வேண்டுகிறேன். பெண்கள் தங்கள் ஊருக்கு மாற்றக் கேட்பார்களே தவிர இப்படிக் கேட்கமாட்டார்கள் என்று என் வழக்கறிஞர் எழுத மறுத்துவிட்டார். ஆகவே நானே எழுதுகிறேன்.

2. வழக்கில் 'கொடுமை' என்ற சொல் இருக்கிறது. அது சட்டத்துக்காகச் சேர்த்தது. அவர் என்னை அடித்ததில்லை, ஏசியதில்லை. எங்கள் ஒரே மகள் ஏழு வயதில் இறந்த பிறகு பதினான்கு மாதம் பேச்சில்லாமல் ஒரே வீட்டில் இருந்தோம். அதற்கு மேல் என்னால் முடியவில்லை.

3. கடந்த செவ்வாயன்று வாய்தா. நீதிமன்றம் மூன்றாவது மாடியில், லிப்ட் ஓடவில்லை. டவாலி என்னிடம் வந்து, "அம்மா, உங்க வீட்டுக்காரர் படியில உக்காந்துட்டாரு, கொஞ்சம் தண்ணி குடுங்க" என்றார். கொண்டுபோனேன். இரண்டு மடக்கோடு போதும் என்று திருப்பித் தந்தார். நீட்டிய கையில் ஊசித் தழும்புகள். மருத்துவமனையில் நான் தினமும் பார்க்கிற கை அது. சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது. செவ்வாயும் வெள்ளியும் டயாலிசிஸ். அன்றைய முறையை விட்டுவிட்டு எட்டு மணி நேரம் பஸ்ஸில் வந்திருக்கிறார். வழக்கை உங்கள் ஊருக்கு மாற்றக் கேட்கக் கூடாதா என்றேன். "நீ தனியா அவ்வளவு தூரம் வரணுமே" என்றார். அதற்கு முன் அவர் என்னிடம் பேசி இரண்டு வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது.

4. நான் வழக்கைத் திரும்பப் பெறவில்லை. எங்களை மறுபடி சமரசத்துக்கு அனுப்ப வேண்டாம். ஆனால் என்னைப் பிரிவதற்காக அவர் உயிரை விட வேண்டாம். வாய்தா செவ்வாய், வெள்ளியில் விழாமலும், விசாரணை தரைத்தளத்தில் நடக்கவும் ஆவன செய்யுங்கள். நான் பஸ்ஸில் போய்க்கொள்கிறேன். இடையில் அவர் வர முடியாமற்போனால் ஒருதலைப்பட்சமாக எனக்குத் தீர்ப்பளிக்க வேண்டாம்.

5. இம்மனுவின் நகல் அவருக்கும் போகும் என்று அறிகிறேன். ஆகவே இதையும் எழுதுகிறேன். மகளை அடக்கம் செய்து திரும்பிய அன்று, "காய்ச்சலோட ஏன் ஸ்கூலுக்கு அனுப்பின?" என்று கேட்டார். அந்தக் காலையில் நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன், கழுத்தையும் தொட்டுப் பார்த்தேன். சுடவில்லை. அவர் கேட்டபோது இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

தாங்கள் கருணையோடு பரிசீலித்து விரைவில் உத்தரவிட வேண்டுகிறேன்.

நாள்: 11.7.2019
இடம்: மருத்துவமனை ஊழியர் ஓய்வறை

இப்படிக்கு,
(ஒப்பம்)
எதிர்மனுதாரரின் மனைவி